விதிகளைக் கண்டுபிடித்துப் பார்ப்பது: ‘முழுமையான மனிதன்’ வழியாக டேனிஷ் பரிசோதனைக் குறும்படத்துக்குள் நுழைவோருக்கு ஒரு வழிகாட்டி

டென்மார்க்கின் பரிசோதனைக் குறும்படங்களை எந்தப் படத்திலிருந்து பார்க்கத் தொடங்கலாம் என்று ஒருவர் கேட்டால், யோர்கன் லெத் 1967இல் எடுத்த ‘டெட் பெர்ஃபெக்டே மென்னெஸ்கே’யையே நான் முதலில் சொல்வேன். தமிழில் அதை ‘முழுமையான மனிதன்’ என்று அழைக்கலாம். ஏறத்தாழ 13 நிமிடம் ஓடும் கறுப்பு வெள்ளைப் படம். ஓர் ஆண், ஒரு பெண், தரை எங்கே முடிகிறது சுவர் எங்கே தொடங்குகிறது என்று கண்டுபிடிக்க முடியாத ஒரு வெண்ணிற வெளி, இவர்களைப் பற்றிப் பேசிக்கொண்டே இருக்கும் ஒரு பின்னணிக் குரல் ஆகியவற்றுக்கு மேல் அதில் அதிகம் எதுவும் இல்லை. கதை இல்லை, பாத்திரங்களுக்குப் பெயர் இல்லை, இறுதியில் எதுவும் முடிச்சவிழ்வதும் இல்லை. ஆயினும் பார்த்து முடித்த பிறகு மனத்தில் ஒரு விளக்கமுடியாத அமைதியின்மை தங்கிவிடுகிறது.

புதிதாகப் பார்ப்பவர்கள் பெரும்பாலும் இடறி விழுவது ஒரே இடத்தில்தான். ‘இதற்கு என்ன பொருள்?’ என்ற கேள்வியோடு அமர்கிறார்கள்; பொருள் கைக்கு வராதபோது தமக்குப் புரியவில்லை என்றோ, படத்தில் ஒன்றுமில்லை என்றோ முடிவுகட்டி எழுந்துவிடுகிறார்கள். என் கருத்தில் இத்தகைய படங்கள் விடுகதைகள் அல்ல. விதிகளை வகுத்துக்கொண்டு ஆடப்படும் ஆட்டங்கள். எந்தெந்த விதிகளுக்குள் படம் எடுக்கப்பட்டிருக்கிறது, எவையெல்லாம் வேண்டுமென்றே விலக்கப்பட்டிருக்கின்றன, அந்த விதி எந்தக் கணத்தில் தளர்கிறது என்பதைக் கவனிக்கத் தொடங்கினால், முன்பு மூடுபனிபோல் தெரிந்த அந்த உணர்வு எங்கிருந்து எழுகிறது என்பது தானாகவே பிடிபடும். கீழே வரும் படிகள் அனைத்தும் இந்தக் கவனிப்பைப் பழகுவதற்கானவை. எல்லாவற்றையும் ஒரே நாளில் செய்து முடிக்க வேண்டியதில்லை.

தொடங்குமுன் தெரிந்திருக்க வேண்டியவை

அதிகம் வேண்டாம். படத்தைப் பார்க்கும் முன்பே அதைப் பற்றி ஏராளமாகப் படித்துவிடுவது பார்வையைக் கட்டிப்போட்டுவிடும். சில செய்திகள் மட்டும் உதவும்.

யோர்கன் லெத் 1937இல் ஆர்ஹுஸ் நகரத்தில் பிறந்தவர். திரைப்படத்துக்கு வருவதற்கு முன்பே கவிஞர். அவருடைய முதல் கவிதைத் தொகுப்பு 1962இல் வெளிவந்துவிட்டது. ஜாஸ் இசையைப் பற்றியும் சைக்கிள் பந்தயங்களைப் பற்றியும் பத்திரிகைகளில் எழுதியவர்; பிற்காலத்தில் டூர் டி பிரான்ஸ் பந்தயத்துக்கு டேனிஷ் தொலைக்காட்சியில் வர்ணனையாளராகப் பல ஆண்டுகள் குரல் கொடுத்தவர். வர்ணனையாளராக இருந்தார் என்ற இந்தச் செய்தியை அலட்சியப்படுத்த வேண்டாம். கண்முன் நடப்பதை நடக்கும்போதே சொல்லிக்கொண்டு போவது வர்ணனையாளரின் தொழில். ‘முழுமையான மனிதன்’ படத்தின் குரலும் ஏறக்குறைய அதையே செய்கிறது, அதுவும் லெத்தின் சொந்தக் குரல். மானுடவியலாளர் மலினோவ்ஸ்கியின்மீது அவருக்கிருந்த ஈடுபாடும் நன்கு அறியப்பட்டது. தொலைதூரத் தீவொன்றின் மக்களை ஒரு மானுடவியலாளர் எப்படி உற்றுநோக்கிக் குறிப்பெடுப்பாரோ, அப்படியே தம் காலத்து ஐரோப்பிய நடுத்தர வர்க்க மனிதனை உற்றுநோக்கினால் என்ன ஆகும் என்ற எண்ணம் இந்தப் படத்தின் அடியில் ஓடுகிறது.

திரையில் தோன்றும் ஆண் கிளாஸ் நிஸ்ஸன். பெண் மாய்கென் ஆல்கிரன். ஒளிப்பதிவு ஹென்னிங் காம்ரே. இவர் பின்னாளில் டென்மார்க்கின் தேசியத் திரைப்படப் பள்ளிக்கும் அதன்பின் டேனிஷ் திரைப்படக் கழகத்துக்கும் தலைமை வகித்தார். இசையமைத்த ஹென்னிங் கிறிஸ்டியன்சென், ஃப்ளக்ஸஸ் என்ற கலை இயக்கத்தைச் சேர்ந்தவர். கவிஞர்களும் ஓவியர்களும் இசையமைப்பாளர்களும் திரைப்படக் கருவிகளைக் கையிலெடுத்துப் பார்த்த காலம் அது. படம் எடுக்கப்பட்ட மறு ஆண்டே லெத்தும் அவருடைய நண்பர்களும் கோபன்ஹேகனில் ஏபிசினிமா என்ற கூட்டு முயற்சியைத் தொடங்கினார்கள். இந்தப் பின்னணி போதும்.

படத்தைத் தேடுவதும் அறையை ஆயத்தப்படுத்துவதும்

இணையத்தில் தேடும்போது டேனிஷ் பெயரையும் ‘தி பெர்ஃபெக்ட் ஹியூமன்’ என்ற ஆங்கிலப் பெயரையும் மாற்றி மாற்றிக் கொடுத்துப் பாருங்கள். இயக்குநர் பெயரைச் சேர்க்காமல் தேடினால் வேறு ஏதேதோ வந்து நிற்கும். டேனிஷ் குரலோடு ஒரு வடிவமும், லெத்தே ஆங்கிலத்தில் பேசும் ஒரு வடிவமும் உண்டு. டேனிஷ் தெரியாத நமக்கு எது நல்லது என்பதில் எனக்குத் தயக்கமில்லை: முதல் முறை ஆங்கிலக் குரல் கொண்ட வடிவத்தையே பாருங்கள். வெள்ளை எழுத்தில் ஓடும் சப்டைட்டில் இந்தப் படத்தின் வெண்மையான பின்புலத்தில் கரைந்துபோகக்கூடும். எழுத்தைத் தேடியே கண் களைத்துவிட்டால் உருவங்களின் அசைவைக் கவனிக்க இயலாது. டேனிஷ் ஒலியைக் கேட்க விரும்பினால் இரண்டாம் சுற்றில் கேட்கலாம்.

திரையின் வெளிச்சத்தை வழக்கத்தைவிடச் சற்றுக் குறைத்துக்கொள்ளுங்கள். படம் முழுவதும் வெளிச்சத்தால் நிரம்பியிருப்பதால், முழு ஒளியில் வைத்த கைபேசித் திரையில் முகத்தின் மென்மையான சாம்பல் நிறச் சாயல்கள் அழிந்துவிடும். கைபேசியைவிடக் கணினியோ தொலைக்காட்சியோ நல்லது. வெறுமையான வெளியில் ஒரு மனித உருவம் எவ்வளவு சிறியதாக நிற்கிறது என்பது இந்தப் படத்தில் மிக முக்கியமானது. அந்த அளவு விகிதம் கைக்குள் அடங்கும் திரையில் தெரியாது.

முதல் முறை: நிறுத்தாமல் பார்ப்பது

முதல் முறை எதையும் குறிக்க வேண்டாம், நிறுத்த வேண்டாம், பின்னோக்கி ஓட்ட வேண்டாம். நீங்கள் காண்பது இவ்வளவு: மனிதன் ஒருவன் புகைக்குழாயில் புகையிலை நிரப்புகிறான். குரல் அவனை நமக்கு அறிமுகம் செய்துவிட்டு, அவன் எப்படி இயங்குகிறான் என்று ஆராயப்போவதாக அறிவிக்கிறது. காது, கண், முழங்கால், வாய் என்று உடல் உறுப்புகள் ஒவ்வொன்றாக நெருக்கக் காட்சியில் வருகின்றன. ஒவ்வொன்றுக்கும் அதன் பெயர் சொல்லப்படுகிறது. பிறகு அவன் நடக்கிறான், குதிக்கிறான், விழுகிறான், முகம் மழிக்கிறான், உடை அணிகிறான், விரல்களைச் சொடுக்கி நடனமாடுகிறான். அவள் படுக்கிறாள், ஒப்பனை செய்துகொள்கிறாள். இருவரும் ஒரு கட்டிலில் இருக்கிறார்கள். அவன் ஒரு மேசையின்முன் அமர்ந்து உணவு உண்கிறான்.

இது சலிப்பூட்டினால், அந்தச் சலிப்பையும் மனத்தில் குறித்துவைத்துக்கொள்ளுங்கள்; எந்த இடத்தில் சலித்தது என்பது பின்னர் பயன்படும். சிரிப்பு வந்தால் தடுக்க வேண்டாம். முறைப்பான தோற்றத்தோடு சொல்லப்படும் நகைச்சுவை இதில் நிறைய உண்டு. பரிசோதனைப் படம் என்றாலே முகத்தை இறுக்கிக்கொண்டு பார்க்க வேண்டும் என்று நினைப்பவர்கள் இந்தப் படத்தின் பாதியை இழந்துவிடுகிறார்கள்.

இரண்டாம் முறை: ஒலியை அணைத்து, மூன்றாம் முறை: கண்ணை மூடி

இரண்டாம் முறை ஒலியை முற்றிலும் அணைத்துவிட்டுப் பாருங்கள். குரல் இல்லாதபோது இந்தக் காட்சிகள் ஒரு விளம்பரப் படத்தின் துண்டுகளைப்போல் தோன்றுவதைக் கவனிப்பீர்கள். நேர்த்தியான உடை, அழகிய முகங்கள், கறையில்லாத வெளிச்சம், எந்த ஊர் என்று சொல்ல முடியாத இடம் என அனைத்தும் சோப்போ சட்டையோ விற்பதற்குத் தயாராக நிற்கின்றன. விற்கப்படும் பொருள் மட்டும் காணவில்லை. 1960களில் விளம்பரம் உருவாக்கிக்கொண்டிருந்த அந்தச் சிக்கலற்ற மனிதனைத்தான் லெத் மேடையேற்றியிருக்கிறார் என்பது ஒலி இல்லாதபோது தெளிவாகத் தெரிகிறது.

மூன்றாம் முறை திரையைப் பார்க்காமல் குரலை மட்டும் கேளுங்கள். இப்போது வேறொரு படம் கிடைக்கும். குரலின் தொனி அறிவியல் விளக்கப் படத்தின் தொனி, ஐயமற்றது, அவசரமற்றது. ஆனால் அது சொல்லும் வாக்கியங்களை உற்றுக் கேட்டால், முதலில் உறுதியான கூற்றுகளாக இருந்தவை மெல்ல மெல்லக் கேள்விகளாக மாறிக்கொண்டே போகின்றன. இது ஒரு காது, இது ஒரு கண் என்று தொடங்கிய குரல், அவன் எப்படி விழுகிறான் என்று கேட்கிறது. அந்தக் கேள்விக்கு, இப்படித்தான் விழுகிறான் என்பதைத் தவிர அதனிடம் விடையில்லை. அடுத்து, ஏன் இப்படி அசைகிறான், அவனுக்கு என்ன வேண்டும், அவன் எதைப் பற்றிச் சிந்திக்கிறான் என்று கேட்கிறது. அவற்றுக்கு விடையே வருவதில்லை. எல்லாம் அறிந்ததுபோல் பேசும் ஒருவர் உண்மையில் ஒன்றும் அறியாதவர் என்பது சிறிது சிறிதாக வெளிப்படுகிறது. முதல் முறை பார்த்தபோது உங்களை ஏதோ ஒன்று நிலைகொள்ளாமல் செய்திருந்தால் அதன் பெரும்பகுதி இங்கிருந்து வந்திருக்கும்: குரலில் இருக்கும் உறுதிக்கும் அது உண்மையில் அறிந்திருப்பதற்கும் இடையே அகன்றுகொண்டே போகும் இடைவெளி.

நேரம் இல்லாதவர்கள் வேறு எந்தப் படியை விட்டாலும் இந்த மூன்றாம் சுற்றை விடவேண்டாம்.

இல்லாதவற்றின் பட்டியல்

இப்போது ஒரு தாளை எடுத்து, படத்தில் இல்லாதவற்றை எழுதுங்கள். சன்னல் இல்லை. கதவு இல்லை. வானிலை இல்லை. கடிகாரம் இல்லை, பகலா இரவா என்று தெரியாது. மனிதனுக்குத் தொழில் இல்லை, பெற்றோர் இல்லை, பெயர் இல்லை. இருவரும் ஒருவரோடொருவர் உரையாடுவதில்லை. தெருவோ மரமோ கோபன்ஹேகனின் அடையாளம் எதுவுமோ இல்லை. இருக்கும் பொருள்கள் மிகச் சில. இருப்பவை வந்த வேலை முடிந்ததும் மறைந்துவிடுகின்றன.

இந்தப் பட்டியல் நீள நீள ஒரு விஷயம் புலப்படும். வீடு, வேலை, ஊர், உறவு என்று நாம் ஒரு மனிதனை அடையாளம் காணப் பயன்படுத்தும் அனைத்தும் அகற்றப்பட்டுவிட்டதால், எஞ்சியிருக்கும் சிறு அசைவுகள் அளவுக்கு மீறிய கனம் பெறுகின்றன. ஒருவன் சட்டைப் பித்தானைப் போடுவதைச் சாதாரணப் படமொன்றில் நாம் கவனிக்கவே மாட்டோம். இங்கே கண்ணுக்கு வேறு வேலை இல்லாததால் அந்த விரல்களைத்தான் பார்த்தாக வேண்டும். மூட்டமான ஒளியும் மர்மமான இசையும் இருந்தால்தான் ஒரு படத்தில் சூழலுணர்வு உருவாகும் என்ற எண்ணம் பரவலாக இருக்கிறது. லெத் இருட்டையே பயன்படுத்தாமல், எல்லாவற்றையும் பட்டப்பகல்போல் காட்டியே அந்த உணர்வை எழுப்புகிறார். அதற்கு அவர் பயன்படுத்தும் கருவி விலக்கல் ஒன்றுதான்.

உணவுக் காட்சிக்கு மட்டும் தனி நேரம்

படத்தின் பிற்பகுதியில் வரும் உணவுக் காட்சியை மட்டும் தனியாக எடுத்து இரண்டு மூன்று முறை பாருங்கள். விழா உடையில் இருக்கும் ஆண் ஒரு மேசையின்முன் அமர்ந்து, அவித்த உருளைக்கிழங்கோடும் ஹாலண்டேஸ் சாஸோடும் சால்மன் மீனை உண்கிறான். அருகில் ஷாப்ளி வெள்ளை ஒயின். வெள்ளை வெளியில் திடீரென்று இவ்வளவு குறிப்பான, பெயருள்ள பொருள்கள் வருவதே ஒரு விதிமீறல்போல் இருக்கிறது. அதுவரை பொதுவான மனிதனாக இருந்தவன் இப்போது ஒரு குறிப்பிட்ட வர்க்கத்தின் ரசனை கொண்ட ஒருவனாகிவிடுகிறான்.

அதைவிட முக்கியம், அவன் பேசத் தொடங்குவது. மகிழ்ச்சி ஏன் இவ்வளவு விரைவில் தீர்ந்துபோகிறது, ஏன் என்னை விட்டுப் பிரிந்தாய் என்ற பொருளில் சில வரிகளைப் பாதி பேச்சாகவும் பாதி பாட்டாகவும் முணுமுணுக்கிறான். யாரைக் கேட்கிறான்? அந்தப் பெண்ணையா? படம் சொல்வதில்லை. ஆனால் ஆய்வுப் பொருளாக மட்டும் இருந்த ஓர் உடலுக்குள் ஓர் இழப்பு இருந்திருக்கிறது என்பது இங்குதான் முதன்முதலாகக் கசிகிறது. இன்றும் எனக்கு ஏதோ ஒன்று நேர்ந்தது, சில நாள்களில் அது புரிந்துவிடும் என்று நம்புகிறேன் என்ற கருத்தில் அவன் சொல்லும் வாசகமும் இந்தப் படத்தில் உண்டு. பின்னணிக் குரலுக்குத் தெரியாதது அவனுக்கும் தெரியவில்லை. ஆராய்பவரும் ஆராயப்படுபவனும் ஒரே அறியாமையில் வந்து சேரும் இந்த இடத்தையே படத்தின் உச்சமாக நான் கருதுகிறேன். நடனக் காட்சியைத்தான் பலரும் கொண்டாடுகிறார்கள் என்றாலும்.

‘ஐந்து தடைகள்’ படத்தை அடுத்துப் பார்ப்பது

இதுவரை வந்தவர்களுக்கு ஓர் அரிய வாய்ப்பு காத்திருக்கிறது. ஒரு குறும்படத்தின் விதிகளை எப்படிப் பிரித்துப் பார்ப்பது என்பதற்கு, அதே குறும்படத்தை வைத்தே எடுக்கப்பட்ட முழுநீளப் படம் ஒன்று உண்டு. 2003இல் வெளிவந்த ‘ஐந்து தடைகள்’ படத்தில், லெத்தின் தீவிர ரசிகரான இயக்குநர் லார்ஸ் வான் ட்ரியர், ‘முழுமையான மனிதன்’ படத்தை ஐந்து முறை மீண்டும் எடுக்குமாறு லெத்திடம் கேட்கிறார். ஒவ்வொரு முறையும் ஒரு தடையை விதிக்கிறார். 1995இல், படம் எடுக்கும் முறைக்குக் கடும் விதிகள் வகுத்த டோக்மா இயக்கத்துக்காகத் தாமஸ் விண்டர்பெர்க்குடன் சேர்ந்து பத்துக் கட்டளைகளை எழுதியவர் ட்ரியர். எனவே விதி விதிப்பதில் அவருக்கிருந்த ஆசை வியப்பளிப்பதல்ல. மூலக் குறும்படத்தைப் பார்க்காமல் இதற்குள் போக வேண்டாம். பார்த்துவிட்டுப் போனால் ஒவ்வொரு தடையும் எந்த எலும்பை முறிப்பதற்காக விதிக்கப்பட்டது என்பது தெரியும்.

முதல் தடை: கியூபாவில் எடுக்க வேண்டும், அரங்க அமைப்பு கூடாது, எந்த ஷாட்டும் (வெட்டில்லாமல் தொடர்ந்து ஓடும் ஒரு துண்டு) 12 பிரேமுக்கு, அதாவது 12 தனிப் படச்சட்டங்களுக்கு, மேல் போகக் கூடாது, மூலப்படத்தில் கேட்கப்பட்ட கேள்விகளுக்கு விடை சொல்ல வேண்டும். ஒரு நொடிக்கு 24 பிரேம் என்ற கணக்கில் 12 பிரேம் என்பது அரை நொடி. நீண்ட, அசையாத ஷாட்டையே தம் இலக்கணமாகக் கொண்ட ஒருவருக்கு இது கை கால்களைக் கட்டுவதற்குச் சமம். இதைப் பார்த்த பிறகு மூலப்படத்துக்குத் திரும்பி, ஒரு கடிகாரத்தை வைத்துக்கொண்டு ஏதேனும் ஒரு பகுதியின் ஷாட் நீளங்களை அளந்து பாருங்கள். ஒவ்வொரு ஷாட்டிலும் தகவல் கிடைத்த பிறகும் காமிரா எவ்வளவு நேரம் நின்றுகொண்டிருக்கிறது என்பதுதான் நீங்கள் குறிக்க வேண்டியது. அந்த உபரி நேரத்தில்தான் பார்வை கூர்மையாகிறது.

இரண்டாம் தடை நம் நாட்டோடு தொடர்புடையது, அதனாலேயே இதில் சற்று நிற்க வேண்டும். உலகில் தமக்கு மிகக் கொடுமையாகத் தோன்றும் இடத்துக்குப் போய்ப் படம் எடுக்க வேண்டும், ஆனால் அந்த இடத்தைத் திரையில் காட்டக் கூடாது, ஆணின் வேடத்தை லெத்தே ஏற்க வேண்டும், உணவுக் காட்சி கட்டாயம் இடம்பெற வேண்டும் என்பது ட்ரியரின் ஆணை. லெத் தேர்ந்தெடுத்தது மும்பையில் பாலியல் தொழில் நடக்கும் ஃபாக்லாண்ட் சாலை. அங்கே விழா உடை அணிந்து, மேசை போட்டு, மீனும் ஒயினும் உண்கிறார். தெருவை மறைக்க அவர் நிறுத்திய திரை ஒளி ஊடுருவும் திரை. பின்னால் நிற்கும் பெண்களும் குழந்தைகளும் நன்றாகவே தெரிகிறார்கள். விதி மீறப்பட்டது என்று ட்ரியர் ஏற்க மறுக்கிறார்.

இந்தப் பகுதியை அழகியல் வெற்றி என்று மட்டும் புகழ்ந்து எழுதும் போக்கு எனக்கு ஒப்புதல் இல்லை. மற்றவரின் துயரத்தை ஓர் ஐரோப்பியக் கலைஞரின் மனவுறுதியைச் சோதிக்கும் அளவுகோலாக்குவது ட்ரியரின் விளையாட்டு. அதற்கு உடன்பட்டது லெத்தின் பொறுப்பு. திரைக்குப் பின்னால் நிற்பவர்கள் யார், அவர்களிடம் என்ன சொல்லப்பட்டது என்ற கேள்விகளோடு பார்க்க வேண்டிய காட்சி அது. அதே சமயம், மூலப்படத்தின் வெண்மையான வெறுமை எதை மறைத்துவைத்திருந்தது என்பதை இதைவிட வெளிப்படையாகக் காட்டும் இடமும் வேறில்லை. முழுமையான மனிதனின் மேசைக்குப் பின்னால் எப்போதும் ஓர் உலகம் இருந்தது. 1967இல் அதை வெளிச்சம் அழித்துவிட்டிருந்தது.

மற்ற மூன்றையும் சுருக்கமாகச் சொல்லிவிடலாம். மூன்றாவதில், ஒன்று மும்பைக்குத் திரும்பிப் போ அல்லது எந்த விதியும் இல்லாமல் எடு என்கிறார் ட்ரியர். லெத் விதியின்மையைத் தேர்ந்து பிரஸ்ஸல்ஸ் நகரில் எடுக்கிறார். நான்காவது, இருவருமே வெறுக்கும் கார்ட்டூன் வடிவம். டெக்சாஸைச் சேர்ந்த அசைவூட்டக் கலைஞர் பாப் சபிஸ்டனின் உதவியோடு லெத் அதைச் செய்து முடிக்கிறார். ஐந்தாவதைச் செய்தவர் ட்ரியர்தான். அவர் எழுதிய உரையை லெத் வாசிக்க வேண்டும், படத்தின் இயக்குநர் என்று லெத்தின் பெயர் போடப்பட வேண்டும். தொடக்கத்தில் எல்லாம் அறிந்ததுபோல் பேசிய பின்னணிக் குரல், இங்கே பிறர் எழுதிக்கொடுத்ததை வாசிக்கும் குரலாகிவிடுகிறது. மூன்றாம் சுற்றில் குரலை மட்டும் தனியாகக் கேட்டவர்களுக்கு இந்தத் திருப்பத்தின் கூர்மை நன்றாக உறைக்கும்.

முன்னும் பின்னும் எவற்றைப் பார்க்கலாம்

லெத்தின் படங்களிலேயே தொடர விரும்புவோர் 1963இல் வந்த அவருடைய முதல் படமான ‘ஸ்டாப் ஃபார் பட்’டிலிருந்து தொடங்கலாம், அப்போது கோபன்ஹேகனில் தங்கியிருந்த ஜாஸ் பியானோக் கலைஞர் பட் பவல் நகரத்தில் நடமாடுவதைக் காட்டும் குறும்படம் அது. அதன்பின் 1982இன் ‘அமெரிக்காவிலிருந்து 66 காட்சிகள்’. அஞ்சலட்டைகள்போல் அடுக்கப்பட்ட தனித்தனி ஷாட்டுகள் கொண்ட இந்தப் படத்தில் அமெரிக்க ஓவியர் ஆண்டி வார்ஹோல் ஒரு பர்கரைத் தின்று முடிக்கும் நீண்ட காட்சி உண்டு. ‘முழுமையான மனிதன்’ படத்தின் உணவு மேசையை நினைவில் வைத்துக்கொண்டு அதைப் பாருங்கள்.

காலத்தில் பின்னோக்கிப் போக விரும்புவோருக்கு என் பரிந்துரை, கார்ல் தியோடர் டிரையர் 1948இல் எடுத்த ‘டெ நோடே ஃபேர்கன்’, அதாவது ‘அவர்கள் படகைப் பிடித்துவிட்டார்கள்’. (டிரையரும் ட்ரியரும் வேறு வேறானவர்கள், தேடும்போது எழுத்தில் கவனம் வேண்டும்.) ஏறத்தாழ 12 நிமிடம் ஓடும் இந்தப் படம் சாலைப் பாதுகாப்புப் பிரசாரத்துக்காக அரசுத் தரப்பில் கேட்டு எடுக்கப்பட்டது, டேனிஷ் எழுத்தாளர் யோஹன்னஸ் வி. யென்சனின் சிறுகதையை அடிப்படையாகக் கொண்டது. ஒரு தீவின் கரையில் இறங்கும் இணையர், மறுகரையிலிருந்து புறப்படும் அடுத்த படகைப் பிடிப்பதற்காக மோட்டார்சைக்கிளில் பறக்கிறார்கள். வேகமானியும் சாலையும் மரங்களுமாகக் காட்சிகள் நெருங்க நெருங்க, மண்டையோட்டு முகம் கொண்ட ஒருவர் ஓட்டும் கார் அவர்களை மறிக்கத் தொடங்குகிறது. அவர்கள் பிடிக்கும் படகில் கடைசியில் இருப்பவை இரண்டு சவப்பெட்டிகள். பிரசாரப் படம் என்ற கறாரான சட்டகத்துக்குள் ஒரு மரணக் கனவை எப்படிப் பொருத்த முடிந்தது என்பதற்கு இதைவிடச் சுருக்கமான எடுத்துக்காட்டு எனக்குத் தெரிந்து இல்லை.

அதன் ஒளிப்பதிவாளர் யோர்கன் ரோஸ். இவர் ஆல்பர்ட் மெர்ட்ஸ் என்பவரோடு சேர்ந்து, ஜெர்மானிய ஆக்கிரமிப்பின் நடுவே, 1942இல் ‘ஃப்ளுக்டன்’ என்ற படத்தை எடுத்தவர். டேனிஷ் பரிசோதனைத் திரைப்படத்தின் தொடக்கமாக அதைக் குறிப்பிடுவது வழக்கம். மிகையதார்த்த ஓவியர் வில்ஹெல்ம் ஃப்ரெட்டியோடு 1950இல் அவர் செய்த ‘ஸ்பிஸ்டே ஹொரிசோன்டர்’ சில நிமிடங்களே ஓடும். இவை இரண்டையும் லெத்துக்குப் பிறகு பார்ப்பதே நல்லது. டிரையரின் படைப்புகளுக்கென்று டேனிஷ் திரைப்படக் கழகம் தனி இணையதளம் நடத்துகிறது. அவருடைய குறும்படங்களைப் பற்றிய செய்திகளை அங்கிருந்து தேடத் தொடங்கலாம்.

கடைசிப் படி: ஒரு நிமிடப் படம்

பார்ப்பதோடு நிறுத்திக்கொள்ளாமல் சிறிதளவேனும் செய்து பார்ப்பது, படித்து அறிவதைவிட அதிகம் கற்றுத்தரும். கைபேசியும் அதை அசையாமல் நிறுத்த ஒரு முக்காலியும், ஒளி சீராக விழும் வெறும் சுவரும் போதும். சுவரும் தரையும் சந்திக்கும் கோடு தெரியாமலிருக்க, ஒரு பெரிய வெள்ளைத் துணியைச் சுவரிலிருந்து தரைவரை மடிப்பின்றி வளைத்துத் தொங்கவிடுங்கள். ஒளிப்படக் கூடங்களில் செய்வதும் இதுவே. கைபேசியின் தானியங்கி ஒளியளவைப் பூட்டிவிட்டு, முகம் எரிந்துபோகாத அளவுக்கு மட்டும் வெளிச்சத்தைக் கூட்டுங்கள். பூட்டாவிட்டால் உருவம் அசையும்போதெல்லாம் பின்புலம் சாம்பலாகவும் வெள்ளையாகவும் மாறி மாறித் துடிக்கும்.

உங்களுக்கு அறிமுகமான ஒருவரை நாள்தோறும் செய்யும் ஒரு வேலையைச் செய்யச் சொல்லுங்கள்: தலை வாருதல், செருப்பு வார் மாட்டுதல், பழம் உரித்தல். ஆறு ஷாட்டுகள், ஒவ்வொன்றும் பத்து நொடி, காமிரா அசையக் கூடாது. நடிக்கச் சொல்லாதீர்கள், செய்யச் சொல்லுங்கள். எடுத்த பிறகு, பார்ப்பதை மட்டும் சொல்லும் பின்னணிக் குரலை எழுதுங்கள். முதல் மூன்று ஷாட்டுகளுக்குக் கூற்றுகள் மட்டும், அடுத்த மூன்றுக்குக் கேள்விகள் மட்டும். அந்தக் கேள்விகளுக்கு விடையை நீங்கள் எழுதவும் கூடாது, இசையால் சுட்டிக்காட்டவும் கூடாது.

முடித்ததை நண்பர் ஒருவரிடம் காட்டி, அதில் உங்களுக்கு மிகவும் பிடித்த ஷாட் எது என்பதை மறைக்காமல் சொல்லிவிடுங்கள். அந்த ஷாட்டைத் தடைசெய்து ஒரு விதியை அவர் எழுதிக்கொடுக்கட்டும். அதற்குக் கட்டுப்பட்டு அதே ஒரு நிமிடத்தை மறுபடியும் எடுங்கள்.